பழப்பேணிக்கு ஏன் இரண்டு விலை?

புதிதாக இந்த நாட்டிற்கு வந்து சேரும் எமது குடும்பங்கள் முதல் மாதத்திலேயே பழகிக்கொள்ள வேண்டிய இடம் சுப்பர் மார்க்கெட். அரிசி, பருப்பு, மிளகாய்த்தூள் எல்லாவற்றுக்கும் எம்மவர் கடைகள் இருக்கின்றன. ஆனால் பாண், பால், பிள்ளைகளின் பள்ளிக்கூடச் சாப்பாட்டுப் பெட்டிக்குள் வைக்கும் சாமான்கள் என்று வரும்போது கோல்ஸ், வூல்வேர்த்ஸ், அல்டி என்று போய்த்தான் ஆகவேண்டும். அங்கே தகரத்தில் அடைத்த பழம் அடுக்கியிருக்கும் தட்டுக்கு முன்னால் நின்று பார்த்தீர்களானால் ஒரு விடயம் கண்ணில் படும். ஒரே அளவான பேணி, உள்ளே அதே பீச் பழம், அதே பாதி பாதியாக வெட்டிய துண்டுகள். ஒன்றின் விலை மற்றதைவிட எவ்வளவோ கூட. சில வாரங்களில் இரட்டிப்புக்குக் கிட்டவும் வரும். இது ஏன் என்று எங்களிடம் பலர் கேட்டிருக்கிறார்கள். விலை கூடியதுதான் நல்ல பழம் என்று நினைத்து வாங்குபவர்களும் உண்டு, மலிவானதில் ஏதோ கள்ளம் இருக்கிறது என்று பயப்படுபவர்களும் உண்டு. இரண்டும் சரியல்ல.

இதைப்பற்றி எழுத நாங்கள் பொருளாதாரம் படித்தவர்கள் அல்லர். பத்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவர்கள். மெல்பேர்ணில் தண்டெனோங் பக்கம் உணவு பொதி செய்யும் ஒரு தொழிற்சாலையில் வேலை. அதற்கு முன்னர், விசா முடிவு தெரியாமல் இருந்த காலத்தில், இரண்டு பருவம் கோல்பேர்ண் பள்ளத்தாக்கில் பெயார்ஸ் ஆய்ந்திருக்கிறோம். மரத்திலிருந்து பழம் இறங்குவதையும் பேணி மூடுப்பட்டு லொறியில் ஏறுவதையும் கண்ணால் கண்டவர்கள் என்ற அளவில்தான் இதை எழுதுகிறோம். மிச்சத்தை நூல்நிலையத்திலும் பழைய பத்திரிகைகளிலும் தேடிப் படித்தோம்.

ஊரில் ரின்மீன் தெரியும், ரின்பால் தெரியும். ரின் பழம் எங்கள் வயதுக்காரருக்குப் பெரிதாகத் தெரியாது. வீட்டு முற்றத்தில் மாவும் பலாவும் வாழையும் நிற்கும்போது பழத்தைத் தகரத்தில் அடைக்க யாருக்கு என்ன தேவை? இங்கே அப்படியல்ல. பீச், அப்ரிகொட், பெயார்ஸ் எல்லாம் கோடையில் சில கிழமைகளுக்குள் ஒரேயடியாகப் பழுத்துத் தள்ளும். அடைத்து வைக்காவிட்டால் அழுகும். அதனால்தான் இந்தத் தொழில் உண்டானது.

மெல்பேர்ணுக்கு வடக்கே கிட்டத்தட்ட 180 கிலோமீற்றர் தூரத்தில் ஷெப்பற்றன் என்ற பட்டணம் இருக்கிறது. கோல்பேர்ண் ஆற்றுத் தண்ணீரை வாய்க்கால் வெட்டிப் பாய்ச்சி உண்டாக்கிய பழத்தோட்டங்கள் அதைச் சுற்றி இருக்கின்றன. 1917இல் அங்குள்ள தோட்டக்காரர்கள் கூட்டுறவு முறையில் ஒரு தொழிற்சாலையைத் தொடங்கினார்கள். அதுதான் இன்று பேணிகளில் நீங்கள் பார்க்கும் எஸ்.பி.சி. பக்கத்து ஊரான மூரூப்னாவில் 1921இல் ஆட்மோனா தொடங்கியது. அதுவும் தோட்டக்காரர்களின் கூட்டுறவுதான். நியூ சவுத் வேல்ஸில் லீற்றன் என்ற ஊரில் லெற்றோனா என்று இன்னொன்று இருந்தது. அது 1994இல் மூடப்பட்டது. எஸ்.பி.சி.யும் ஆட்மோனாவும் 2002இல் ஒன்றாகின. 2005இல் கொக்கா கோலா அமற்றில் கொம்பனி இரண்டையும் சேர்த்து வாங்கியது. மூரூப்னாத் தொழிற்சாலையை மூடும் முடிவு 2011இல் வந்தது. ஆக, பல வாசல்கள் இருந்த தொழிலுக்கு இன்று பெரிய வாசல் ஒன்றுதான் மிச்சம்.

ஷெப்பற்றன் எங்களைப் போன்றவர்களுக்கு அந்நியமான ஊர் அல்ல என்பதையும் இடையில் சொல்லிவிட வேண்டும். இத்தாலியர், அல்பேனியர், கிரேக்கர், துருக்கியர் என்று முன்னர் வந்தவர்கள் பலரும் பழம் ஆய்ந்தும் தகர அடைப்பில் நின்றும்தான் அங்கே வேர் விட்டார்கள். விக்ரோறியா மாநிலத்தின் முதலாவது பள்ளிவாசலைக் கட்டியவர்கள் அங்கிருந்த அல்பேனியர்கள். பழம் ஆயக் கூலிக்கு வந்தவர்கள் சிலரின் பிள்ளைகள் இன்று தோட்டச் சொந்தக்காரர்கள்.

வெளிநாட்டுச் சந்தை போன கதை

இந்தப் பழம் முதலில் இந்த நாட்டுக்காரருக்காக மட்டும் அடைக்கப்பட்டதல்ல. பெரும்பங்கு பிரித்தானியாவுக்குக் கப்பலேறியது. 1932இல் ஒட்டாவாவில் நடந்த மாநாட்டில், சாம்ராச்சியத்துக்குள் இருக்கும் நாடுகளின் பொருட்களுக்குத் தீர்வையில் சலுகை என்று ஒப்பந்தமானது. அதனால் அவுஸ்திரேலியப் பழப்பேணிக்கு இங்கிலாந்துச் சந்தையில் ஒரு சொகுசான இடம் கிடைத்தது. தோட்டம் பெருத்தது, தொழிற்சாலை பெருத்தது.

1973 ஜனவரி முதலாந் திகதி பிரித்தானியா ஐரோப்பியப் பொருளாதாரச் சமூகத்தில் சேர்ந்தது. சலுகை போயிற்று. அதற்குப் பதிலாக கிரேக்கம், இத்தாலி போன்ற நாடுகளின் பழத்துக்கு ஐரோப்பிய உதவிப்பணம் கிடைக்கத் தொடங்கியது. இங்கே மரங்கள் மிச்சமாகின. எழுபதுகளின் தொடக்கத்தில் அரசாங்கமே காசு கொடுத்துப் பீச் மரங்களையும் பெயார்ஸ் மரங்களையும் பிடுங்கச் செய்தது. காய்க்கும் மரத்தைப் பிடுங்கக் காசு! எங்கள் அம்மம்மா இதைக் கேட்டிருந்தால் தலையில் கை வைத்திருப்பா.

இதில் விளங்கிக்கொள்ள வேண்டிய முக்கியமான ஒன்று உண்டு. தகரத்துக்கு அடைக்கும் பீச் வேறு, நாம் கடையில் வாங்கிக் கடித்துச் சாப்பிடும் பீச் வேறு. அடைக்கும் வகையில் சதை கொட்டையோடு ஒட்டிக்கொண்டிருக்கும். சதை இறுக்கம், அவித்தாலும் குழையாது. அதற்காகவே அதை வளர்க்கிறார்கள். ஆனால் பச்சையாகச் சாப்பிட அதை அநேகம் பேர் விரும்புவதில்லை. ஆகவே அந்த மரத்தை நட்டவருக்கு வாங்குபவர் தொழிற்சாலை மட்டும்தான். தொழிற்சாலை வேண்டாம் என்றால் சந்தைக்குக் கொண்டுபோய் விற்கலாம் என்ற வழி இல்லை. மரம் நட்டு நல்ல காய்ப்புக்கு வர நாலைந்து வருடம் பிடிக்கும். இன்றைய விலையைப் பார்த்து நட்டவர் நாலைந்து வருடத்துக்குப் பிறகு வரும் விலைக்குத்தான் விற்க முடியும். பெயார்ஸ் அப்படியல்ல. வில்லியம்ஸ் என்ற வகை இரண்டுக்கும் உதவும். அதனால் பெயார்ஸ்காரருக்கு மூச்சுவிட ஓர் இடைவெளி இருக்கிறது. பீச்காரருக்கு அதுவும் இல்லை.

டொலரும் பழமும்

வெளிநாட்டுச் சந்தை போனபின் உள்நாடு இருக்கிறதே என்று நினைக்கலாம். அங்கேயும் ஆட்கள் வந்து நின்றார்கள். தென்னாபிரிக்காவின் மேற்குக் கேப் மாகாணத்தில் இதே பீச், அப்ரிகொட், பெயார்ஸ் நன்றாக விளையும். கிரேக்கத்திலிருந்தும் வரும். 2000க்குப் பிறகு சீனாவும் பெரிய அளவில் அடைக்கத் தொடங்கியது. இந்தப் பேணிகளுக்கு இங்கே பொதுவான இறக்குமதித் தீர்வை 5 வீதம் மட்டுமே. சீனாவோடு செய்த வர்த்தக ஒப்பந்தம் 2015 டிசெம்பரில் நடைமுறைக்கு வந்தபின் அந்தப் பக்கத்துத் தீர்வையும் இல்லாமற் போனது.

தீர்வையைவிடப் பெரிய அடி நாணயமாற்றில் விழுந்தது. ஊருக்குக் காசு அனுப்புபவர்களுக்கு இது சொல்லி விளங்க வேண்டியதில்லை. டொலர் ஏறினால் எங்களுக்குச் சந்தோசம், வீட்டுக்குக் கூட ரூபா போகும். பழத்தோட்டக்காரருக்கு அதே நாள் துக்க நாள். எப்படி என்று ஒரு கணக்குப் பாருங்கள். வெளிநாட்டுப் பேணி ஒன்று துறைமுகத்தில் 1 அமெரிக்க டொலர் என்று சும்மா ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம். 2001 ஏப்ரிலில் அவுஸ்திரேலிய டொலர் அமெரிக்கக் காசில் 50 சதத்துக்கும் கீழே விழுந்து கிடந்தது. அப்போது அந்தப் பேணியை வாங்க இங்கத்தைய 2 டொலருக்கு மேல் வேண்டும். 2011 யூலையில் நமது டொலர் அமெரிக்கக் காசில் 1 டொலர் 10 சதம் வரை ஏறியது. அப்போது அதே பேணிக்கு 91 சதம் போதும். வெளிநாட்டுக்காரன் ஒரு சதமும் விலை குறைக்கவில்லை. இங்கே அது பாதிக்கும் கீழே வந்துவிட்டது. ஷெப்பற்றனில் சம்பளம், மின்சாரம், தண்ணீர் எதுவும் பாதியாகவில்லை. இங்கிருந்து ஏற்றுமதி செய்த பேணியோ வெளிநாட்டில் இரட்டிப்பு விலையாகிவிட்டது. உள்ளேயும் அடி, வெளியேயும் அடி.

கடைக்காரனின் பெயர் போட்ட பேணி

இனி அந்த இரண்டு விலைக்கு வருவோம். தட்டில் மலிவாக இருப்பது அநேகமாக சுப்பர் மார்க்கெட்டின் சொந்தப் பெயர் போட்ட பேணியாக இருக்கும். கடைக்குச் சொந்தமாகத் தொழிற்சாலை இல்லை. இத்தனை இலட்சம் பேணி, இன்ன தரம், இன்ன விலை, யார் தருகிறீர்கள் என்று கேட்கும். தென்னாபிரிக்காவோ சீனாவோ ஷெப்பற்றனோ, யார் குறைத்துக் கேட்கிறாரோ அவருக்கு ஓடர் போகும். அந்தப் பேணிக்கு விளம்பரச் செலவு இல்லை. தட்டில் நல்ல இடம் பிடிக்க யாருக்கும் காசு கட்ட வேண்டியதில்லை. 2001இல் அல்டி இங்கே கடை திறந்தபின், சொந்தப் பெயர்ப் பொருளையே பெரும்பாலும் விற்கும் அவர்களோடு போட்டிபோட மற்ற இரண்டு பெரிய கடைகளும் தங்கள் சொந்தப் பெயர்ச் சாமான்களைக் கூட்டின. 2011 ஜனவரியில் கோல்ஸ் லீற்றர் பாலை 1 டொலருக்கு இறக்கியது பலருக்கு ஞாபகமிருக்கும். பாலில் தொடங்கிய விலைச்சண்டை தட்டுத் தட்டாக நகர்ந்தது.

தரத்தில் வித்தியாசமா என்று கேட்டால், எங்கள் தொழிற்சாலை அனுபவத்தில் ஒன்று சொல்லலாம். பழம் அல்ல, வேறு உணவுப் பொருள்தான். மத்தியானம் வரை ஒரு பெயரில் லேபல் ஓடும். சாப்பாட்டு இடைவேளைக்குப் பிறகு லேபல் உருளையை மாற்றுவார்கள். உள்ளே போவது அதே பொருள், அதே ஆட்கள், அதே இயந்திரம். எல்லா இடத்திலும் எல்லாப் பொருளும் அப்படி என்று சொல்லவில்லை. துண்டுகளின் அளவு, நிறம், பாணியின் இனிப்பு என்று ஓடரில் வித்தியாசம் கேட்பவர்களும் உண்டு. ஆனால் பெயரைப் பார்த்து மட்டும் தரத்தைத் தீர்மானிக்க முடியாது.

2013இல் நிலைமை முற்றியது. தொழிற்சாலை தோட்டக்காரர்களிடம் வாங்கும் அளவை வெட்டியது. ஒப்பந்தம் இழந்தவர்கள் புல்டோசரைக் கொண்டுவந்து தங்கள் பீச் மரங்களைத் தாங்களே சாய்த்தார்கள். இறக்குமதிக்கு எதிராக அவசரப் பாதுகாப்புத் தீர்வை போடும்படி கொம்பனி கேட்டது. உற்பத்தித்திறன் ஆணைக்குழு விசாரித்து, அந்த வருட முடிவில் அது தேவையில்லை என்று அறிக்கை கொடுத்தது. இறக்குமதி மட்டும் காரணமல்ல, ஏற்றுமதி வீழ்ச்சி, டொலரின் ஏற்றம், கடைகளின் சொந்தப் பெயர்ப் பொருள் எல்லாம் சேர்ந்த விளைவு என்பது அவர்களின் பார்வை. சொந்த நாட்டு விலையிலும் குறைத்து இங்கே கொண்டுவந்து கொட்டுகிறார்கள் என்ற முறைப்பாடு வேறு. இத்தாலியத் தக்காளிப் பேணிக்கு 2014இல் அந்த வகையில் வரி விழுந்தது. தாய்லாந்து அன்னாசிப் பேணிக்கு 2001இலேயே விழுந்து பல தடவை நீடிக்கப்பட்டது. பீச்சுக்கு அந்தப் பாக்கியம் கிடைக்கவில்லை.

பிறகு 2014 ஜனவரி. தொழிற்சாலையைப் புதுப்பிக்க மத்திய அரசாங்கத்திடம் 25 மில்லியன் டொலர் கேட்டிருந்தார்கள். ரொனி அபொற் அரசாங்கம் மறுத்தது. மறுத்ததோடு நிற்காமல், தொழிலாளருக்கு அளவுக்கு மீறிய சலுகைகள் என்றும் சொன்னார்கள். அந்தப் பட்டியலில் ஒன்று ஈரப்படி. ஈரத்தில் நின்று வேலை செய்பவருக்குக் கொடுக்கும் சிறு தொகை அது. இதை நாங்கள் கொஞ்சம் நின்று சொல்ல விரும்புகிறோம். உணவுத் தொழிற்சாலையில் கழுவும் பகுதியில் நின்றவர்களுக்குத் தெரியும். நிலம் முழுக்கத் தண்ணீர். ரப்பர் பூட்ஸுக்குள் காலுறை நனைந்தால் எட்டு மணித்தியாலமும் நனைந்ததுதான். குளிர்காலத்தில் விடிய 5 மணிக்கு அந்தத் தண்ணீரில் நிற்பது எப்படியென்று மேசையில் இருப்பவருக்கு விளங்காது. கொம்பனியே கணக்கை வெளியிட்டது. 2013ஆம் வருடம் முழுவதும் எல்லாத் தொழிலாளருக்கும் கொடுத்த படிகள் மொத்தம் ஏறக்குறைய 1 இலட்சத்து 16 ஆயிரம் டொலர். மொத்தச் செலவில் 0.1 வீதத்துக்கும் குறைவு. கொம்பனி மூழ்கியது ஈரப்படியால் அல்ல. அந்தப் பகுதியைப் பிரதிநிதித்துவம் செய்த ஷார்மன் ஸ்ரோன் அரசாங்கக் கட்சியைச் சேர்ந்தவர். அவரே தன் தலைவரின் பேச்சைப் பகிரங்கமாக எதிர்த்தார்.

இத்தனைக்கும் அதே தொழிற்சாலையின் தொழிலாளர்கள் 1990 முடிவில், கொம்பனி விழப்போகிறது என்ற நிலையில், தங்கள் சலுகைகளில் சிலவற்றை விட்டுக்கொடுக்கத் தாமாகவே முன்வந்தவர்கள். தொழிற்சங்கத் தலைமை அதை எதிர்த்து நாடு முழுக்கப் பெரிய வாக்குவாதம் நடந்தது. கடைசியில் ஒரு சமரசம் வந்தது. தொழிலாளி விட்டுக்கொடுப்பதில்லை என்று சொல்பவர்கள் இதைச் சொல்ல மறந்துவிடுகிறார்கள்.

2014 பெப்ரவரியில் விக்ரோறியா மாநில அரசாங்கம் 22 மில்லியன் டொலர் கொடுத்தது, கொம்பனி 78 மில்லியன் போடுவதாக உறுதி சொன்னது. சனங்களும் அந்த மாதம் கடை கடையாகப் போய் உள்ளூர்ப் பேணிகளை வாங்கினார்கள். வூல்வேர்த்ஸ் தன் சொந்தப் பெயர்ப் பழப்பேணிக்கு ஐந்து வருடத்துக்கு ஷெப்பற்றன் பழம் எடுப்பதாக 70 மில்லியன் டொலர் ஒப்பந்தம் செய்தது. ஆகையால்தான் மலிவுப் பேணி என்றால் வெளிநாட்டுப் பேணி என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்ல முடியாது என்கிறோம். லேபலைத் திருப்பிப் பார்க்க வேண்டும். 2019இல் கொக்கா கோலா அமற்றில் அந்தத் தொழிலை 40 மில்லியன் டொலருக்கு விற்றுவிட்டுப் போய்விட்டது. 2014இல் போடுவதாகச் சொன்ன காசின் பாதியளவுதான் அது.

அதற்குப் பிறகு கதை வேறு திசையில் திரும்பியது. 2022இல் உலகம் முழுக்க விலைவாசி ஏறியது. கப்பல் கூலி, எரிபொருள், தகரம் எல்லாம் ஏறின. அந்த வருடம் ஒக்ரோபரில் ஷெப்பற்றனிலும் மூரூப்னாவிலும் வெள்ளம் வேறு. பேணி செய்யும் தகரத் தகட்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. போர்ட் கெம்பிளாவில் அதை உருவாக்கிய ஆலை 2007இல் நிறுத்தப்பட்டது. இன்று உள்ளூர்ப் பழத்தை அடைக்கும் தகடும் வெளிநாட்டிலிருந்து வருவதுதான். உள்ளூர்ப் பழப்பேணி என்றாலும் அதன் விலையில் வெளிநாட்டுச் சந்தை ஒட்டிக்கொண்டுதான் இருக்கிறது. பழத்தைவிடப் பேணிக்குச் செலவு அதிகம் என்று தொழிலில் உள்ளவர்கள் பகிடியாகச் சொல்வார்கள். முழுக்கப் பகிடி அல்ல.

இன்னொரு பக்கம், சனங்களின் வாயும் மாறிவிட்டது. வருடம் முழுக்கப் பச்சைப் பழம் கிடைக்கிறது. சீனிக்குப் பயம். அதனால் பெரிய பேணி குறைந்து, பிள்ளைகள் கொண்டுபோகும் சின்னப் பிளாஸ்ரிக் கிண்ணங்கள் தட்டை நிரப்புகின்றன. கிராம் கணக்கில் பார்த்தால் அந்தக் கிண்ணம் அநேகமாக விலை கூடவே இருக்கும். நாங்கள் வீட்டில் பெரிய பேணியை உடைத்து மூடியுள்ள சின்னப் பெட்டிகளில் போட்டுக் கொடுத்தனுப்புகிறோம். பிள்ளைகளுக்கு முதலில் வெட்கம்தான்.

வாங்கும்போது

1000 சதுர மீற்றருக்கு மேற்பட்ட பெரிய கடைகளில் விலைச்சீட்டின் மூலையில் சின்ன எழுத்தில் இன்னொரு விலை இருக்கும். 100 கிராமுக்கு எவ்வளவு என்பது அது. 2009 டிசெம்பரிலிருந்து இது சட்டப்படி கட்டாயம். 825 கிராம் பேணியையும் 410 கிராம் பேணியையும் ஒப்பிட மனக்கணக்குப் போட்டுத் திண்டாட வேண்டியதில்லை, அந்தச் சின்ன எண்ணைப் பாருங்கள். பெரியது எப்போதும் மலிவு என்பதும் இல்லை. சில பேணிகளில் பாணியை வடித்த பின் நிறை எவ்வளவு என்று போட்டிருப்பார்கள். போட்டிருந்தால் அதையும் பாருங்கள். சீனிப்பாணிக்குக் காசு கொடுக்க நாங்கள் கடைக்குப் போவதில்லை. சாற்றில் அடைத்தது, பாணியில் அடைத்தது என்று இரண்டு வகை உண்டு. நீரிழிவுக்காரர் உள்ள வீட்டில் சாற்றில் அடைத்ததையே எடுங்கள். அதிலும் சீனி இல்லாமலில்லை, வடித்துச் சாப்பிடுங்கள்.

எந்த நாட்டுப் பழம் என்று அறிய முக்கோணத்துக்குள் கங்காரு இருக்கிறதா என்று பாருங்கள். கீழே ஒரு பட்டை இருக்கும், அது எவ்வளவு நிரம்பியிருக்கிறதோ அவ்வளவு வீதம் இந்த நாட்டுப் பொருள். 2018 யூலையிலிருந்து இது கட்டாயம். 2015இல் இறக்குமதி செய்த உறைபழத்தால் மஞ்சட்காமாலைப் பிரச்சினை வந்து பெரிய சத்தம் எழுந்த பிறகுதான் இந்தச் சட்டம் இறுகியது. கங்காரு இல்லாமல் பட்டை மட்டும் இருந்தால் இங்கே பொதி செய்தது, பழம் வேறு நாட்டினதாக இருக்கலாம் என்று பொருள். ஆங்கிலம் வாசிக்கக் கஷ்டப்படும் பெரியவர்களுக்கும் இந்தப் படம் உதவும்.

அரை விலை என்று மஞ்சள் அட்டை தொங்கும் வாரங்கள் வரும். பேணி கெட்டுப்போகும் பொருள் அல்ல. அந்த வாரம் ஐந்தாறு எடுத்து வைத்தால் அடுத்த முறை வரும்வரை காணும். ஆனால் எல்லா அட்டையையும் நம்பிவிடவும் வேண்டாம். விலையை முதலில் ஏற்றிவிட்டுப் பிறகு குறைத்ததாகக் காட்டினார்கள் என்று கோல்ஸ், வூல்வேர்த்ஸ் இரண்டின் மேலும் போட்டி, நுகர்வோர் ஆணைக்குழு 2024 செப்டெம்பரில் வழக்குத் தொடுத்தது. விருப்பமான பத்துச் சாமானின் வழமையான விலையை ஒரு கொப்பியில் எழுதி வைத்திருக்கும் ஓர் அக்காவை எங்களுக்குத் தெரியும். ஆணைக்குழுவுக்கு முன்னரே அவவுக்கு இது தெரிந்திருந்தது.

உள்ளூர்ப் பேணியை வாங்குவதா, மலிவானதை வாங்குவதா? எங்கள் வீடுகளிலேயே இது பற்றி இரண்டு அபிப்பிராயம் உண்டு. வாடகையும் வழக்கறிஞர் காசும் கட்டி, ஊருக்கும் அனுப்பிவிட்டு மிஞ்சும் சில்லறையில் பிள்ளைக்குப் பழம் வாங்கும் தாய்க்குத் தேசபக்திப் பாடம் எடுக்க எங்களுக்கு மனமில்லை. ஆனால் 20, 30 சத வித்தியாசம்தான் என்றால் நாங்கள் கங்காருவை எடுக்கிறோம். அந்தத் தொழிற்சாலையின் கழுவும் பகுதியில் நாளை நிற்கப்போவது எங்களைப் போல வந்த ஒருவராகவும் இருக்கலாம்.

பழம் ஆயும் வேலைக்குப் போக நினைப்பவர்களுக்கும் இதில் ஒரு விடயம் இருக்கிறது. பேணி விலை இறங்கும்போது தொழிற்சாலை தோட்டக்காரரை நெருக்கும், தோட்டக்காரர் ஒப்பந்தக்காரரை நெருக்குவார், ஒப்பந்தக்காரர் ஏணியில் நிற்பவரை நெருக்குவார். நாங்கள் ஆய்ந்த காலத்தில் பெரிய மரப்பெட்டி ஒன்றுக்கு இவ்வளவு என்று கூலி. அரைத் தொன்னுக்குக் கிட்டப் பிடிக்கும் பெட்டி. வான் கூலி, படுக்கைக் கூலி என்று எங்கள் ஒப்பந்தக்காரர் கழித்த பிறகு, சில நாட்களில் மணிக்கணக்கில் பார்த்தால் சொல்ல வெட்கம். விசாவுக்காக நாட்டுப்புறத்தில் வேலை செய்தே ஆகவேண்டிய நிலையில் இருந்த பெடியள் வாய் திறக்கவில்லை. 2022 ஏப்ரில் 28 முதல் சட்டம் மாறிவிட்டது. பெட்டிக் கூலியாக இருந்தாலும், வேலை செய்த ஒவ்வொரு மணித்தியாலத்துக்கும் குறைந்தபட்சச் சம்பளத்துக்குக் கீழே போகக்கூடாது. எத்தனை மணிக்கு ஏணி ஏறினீர்கள், எத்தனை மணிக்கு இறங்கினீர்கள் என்று அன்றன்றே எழுதி வையுங்கள். வந்த காசு குறைந்தால் சம்பள முறைப்பாடுகளைக் கவனிக்கும் பெயர் வேர்க் ஒம்புட்ஸ்மன் அலுவலகத்துக்குச் சொல்லலாம். தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டுமென்று கேட்டால் தொலைபேசியில் இணைத்துத் தருவார்கள், அதற்குக் காசு இல்லை.

அடைப்புக்காக ஆயும் பருவம் ஜனவரியில் சூடு பிடித்து, மார்ச் வரை போகும். தொழிற்சாலைக்குப் பருவகால ஆட்களை எடுப்பதும் அதற்குச் சற்று முன்னர்தான். வேலை தேடுபவர்கள் நவம்பரிலேயே விசாரிக்கத் தொடங்க வேண்டும்.